இணங்க வைப்பதும் வளைத்துப் போடுவதும்

பச்சிளங் குழந்தை இருக்கும் ஒரு வீட்டின் கதவை ஒரே நாளில் இருவர் வந்து தட்டுகிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். இருவரும் பெண்கள். இருவரும் வெள்ளைச் சீருடை அணிந்திருக்கிறார்கள். இருவரும் அன்பாகப் பேசுகிறார்கள்.

முதலில் வந்தவர் ஒரு பால்மாவு டப்பாவை நீட்டி, "பிள்ளை நல்லா கொழுகொழுன்னு வளர வேண்டாமாம்மா? காசெல்லாம் வேண்டாம், இதை வெச்சுக்குங்க" என்கிறார். பிறகு வந்தவர் ஒரு சிறு குப்பியைக் காட்டி, "சொட்டு மருந்து போடாம விட்டா நாளைக்கு இளம்பிள்ளை வாதம் வந்து கால் சூம்பிடும்மா. இந்தத் தெருவில எல்லாப் பிள்ளைக்கும் போட்டாச்சு" என்கிறார்.

சற்று எண்ணிப் பார்த்தால் இருவரும் கையாளும் முறைகளில் பெரிய வேற்றுமை இருப்பதாகத் தெரியவில்லை. முன்னவர் தாயின் ஆசையைத் தொடுகிறார்; பின்னவர் தாயின் அச்சத்தைத் தொடுகிறார். இருவரும் கொண்டு வந்த பொருள் இலவசமே. ஆயினும் முன்னவர் செய்வது கூடாது என்று உலக நாடுகள் கூடித் தீர்மானம் செய்திருக்கின்றன. பின்னவர் பணியை அதே நாடுகள் போற்றுகின்றன. இது ஏன்?

"மருந்து நல்லது, பால்மாவு கெட்டது, அவ்வளவுதானே!" என்று எளிதாக விடை கூறிவிடலாம். ஆனால் அது பாதி விடைதான். நல்ல பொருளையும் தவறான வழியில் ஒருவர் தலையில் கட்டிவிட முடியும். அவ்வாறு செய்ததால் நல்ல காரியத்துக்கே கேடு நேர்ந்த கதை ஒன்றையும் இக்கட்டுரையில் காணப் போகிறோம். எனவே கொண்டு வந்த பொருளை மட்டும் பார்த்தால் போதாது. கொண்டு வந்த வழியையும் பார்க்க வேண்டும்.

மூன்று வழிகள்

ஒருவரை நாம் விரும்பியபடி நடக்கச் செய்ய மூன்று வழிகள் உண்டு. முதலாவது கட்டாயப்படுத்துவது. "செய்யாவிட்டால் சம்பளம் கிடையாது" என்பது இவ்வகை. இரண்டாவது, காரணங்களை எடுத்துக் கூறி இணங்க வைப்பது. மூன்றாவதற்கு நம் மக்கள் பேச்சிலேயே ஒரு பொருத்தமான சொல் இருக்கிறது: "ஆளை வளைத்துப் போட்டுவிட்டான்" என்கிறோம் அல்லவா, அதுதான்.

கட்டாயப்படுத்தப்படுகிறவருக்குத் தாம் கட்டாயத்துக்கு உள்ளானது தெரியும். அவர் முணுமுணுப்பார், வாய்ப்புக் கிடைத்தால் எதிர்ப்பார். இணங்க வைக்கப்பட்டவருக்கும் தம்மிடம் பேசியது யார், சொன்ன காரணம் என்ன என்பது தெரியும். வளைத்துப் போடப்பட்டவரின் நிலை வேறு. அவர் தாமே சிந்தித்து முடிவு செய்ததாக எண்ணிக்கொண்டிருப்பார். உண்மையில் அவருடைய சிந்தனை நடைபெறாதபடி ஒருவர் சுற்றுவழியில் புகுந்து காரியத்தை முடித்துச் சென்றிருப்பார். இதை எவ்வாறு செய்கிறார்கள் என்பதை அறிய, நம் மனம் வேலை செய்யும் முறையைச் சிறிது தெரிந்துகொள்ள வேண்டும்.

மனத்தின் குறுக்குப் பாதைகள்

ஒவ்வொரு சிறு செயலுக்கும் நன்மை தீமைகளை எடைபோட்டுக் கொண்டிருந்தால் நாம் காலையில் பல் துலக்கி முடிப்பதற்குள் மாலையாகிவிடும். ஆகவே மனம் சில குறுக்குப் பாதைகளை வைத்திருக்கிறது. உதவி செய்தவருக்குத் திரும்ப உதவு. பலர் செய்வதைப் பார்த்து நீயும் செய். விவரம் அறிந்தவர் சொன்னால் கேள் என்பன அவற்றுள் சில. பெரும்பாலும் இவை நம்மைச் சரியான இடத்துக்கே கொண்டு சேர்க்கின்றன. ஆனால் இப்பாதைகளில் ஓர் ஆபத்தும் உண்டு. பாதையை அறிந்தவன் அதில் வந்து மறைந்து நிற்க முடியும்.

டென்னிஸ் ரீகன் என்னும் அமெரிக்க உளவியலார் 1971ஆம் ஆண்டில் வெளியிட்ட ஒரு சோதனையைப் பாருங்கள். ஓவியங்களை மதிப்பிடும் சோதனை என்று கூறி மாணவர்களை இருவர் இருவராக உட்கார வைத்தார். இருவரில் ஒருவர் உண்மையில் ஆய்வாளரின் ஆள். இடைவேளையில் அவர் வெளியே சென்று, கேட்காமலே இன்னொருவருக்கும் ஒரு குளிர்பானம் வாங்கி வந்து கொடுத்தார். சோதனை முடிந்ததும், "என்னிடம் சில பரிசுச் சீட்டுகள் இருக்கின்றன, வாங்கிக்கொள்ள முடியுமா?" என்று கேட்டார். குளிர்பானம் பெற்றவர்கள், பெறாதவர்களைப்போல ஏறத்தாழ இரு மடங்கு சீட்டுகளை வாங்கினார்கள். கேட்காமல் கொடுத்த பொருளும் நம்மைக் கடன்பட்டவராக உணரச் செய்கிறது.

பலர் செய்வதைப் பின்பற்றும் இயல்பை சாலமன் ஆஷ் 1950களில் ஆராய்ந்தார். ஒரு கோட்டைக் காட்டி, அதே நீளமுள்ள கோடு மற்ற மூன்றில் எது என்று கேட்டார். தனியாகக் கேட்டால் குழந்தையும் சரியாகச் சொல்லும். ஆனால் அறையில் இருந்த மற்றவர்கள் அனைவரும் ஆய்வாளரின் ஆட்கள். அவர்கள் வேண்டுமென்றே ஒரே தவறான விடையை ஒருவர்பின் ஒருவராகக் கூறினார்கள். சோதனைக்கு வந்தவர்களில் நான்கில் மூன்று பங்கினர் ஒரு முறையேனும் கண்ணெதிரே தெரிந்த உண்மையை விட்டுவிட்டுக் கூட்டத்தோடு சேர்ந்துகொண்டனர்.

சொல்லும் விதம் மாறினால் முடிவும் மாறும் என்பதை ஆமோஸ் டிவெர்ஸ்கி, டேனியல் கானமன் என்னும் இருவர் 1981இல் காட்டினர். 600 பேரைக் கொல்லக்கூடிய ஒரு நோய் வருகிறது. தடுக்க இரு திட்டங்கள் உள்ளன. முதல் திட்டத்தில் 200 பேர் உறுதியாகப் பிழைப்பர். இரண்டாவதில் மூன்றில் ஒரு பங்கு வாய்ப்புடன் 600 பேரும் பிழைப்பர். இல்லாவிட்டால் ஒருவரும் பிழையார். இப்படிக் கேட்டபோது 72 விழுக்காட்டினர் முதல் திட்டத்தைத் தேர்ந்தெடுத்தனர். வேறொரு குழுவினரிடம் அதே முதல் திட்டத்தை "400 பேர் இறப்பர்" என்று சொன்னார்கள். இரண்டாம் திட்டத்தையும் அதற்கேற்ப இறப்புக் கணக்கிலேயே கூறினார்கள். இப்போது முதல் திட்டத்தை விரும்பியவர்கள் 22 விழுக்காடே! 600இல் 200 பேர் பிழைப்பதும் 400 பேர் இறப்பதும் ஒரே செய்திதானே?

இங்கே ஒரு மூடநம்பிக்கையையும் நீக்கிவிடலாம். 1957இல் ஜேம்ஸ் விக்காரி என்ற அமெரிக்க விளம்பர ஆய்வாளர், திரைப்படத்தின் நடுவே கண்ணுக்குப் புலப்படாத வேகத்தில் "சோளப்பொரி தின்னுங்கள்" என்ற வாசகத்தைக் காட்டியதால் சோளப்பொரி விற்பனை 57.7 விழுக்காடு ஏறியது என்று அறிவித்தார். உலகமே அஞ்சியது. 1962இல் அவரே, போதிய ஆதாரமின்றித் தொழில் வளர்ச்சிக்காகச் செய்த வித்தை அது என்று ஒப்புக்கொண்டார். ஆம், வளைத்துப் போடுகிறவர்களிடம் மாய மந்திரம் எதுவும் இல்லை. நம் கண்முன் உள்ள சாதாரணப் பொருள்களை வைத்தே அவர்கள் வேலையை முடித்துக்கொள்கிறார்கள். ஒரு சீருடையும் ஓர் இலவச டப்பாவும் போதும்.

டப்பாவின் கதை

முதலில் வந்த பெண்ணிடம் திரும்புவோம். அவர் கொடுத்த டப்பா என்ன செய்கிறது என்பதை அறிய உடலியலில் ஒரு சிறு செய்தி தேவை.

தாய்ப்பால் என்பது பாத்திரத்தில் நிரப்பி வைத்த பால் போன்றதன்று. குழந்தை சப்பும்போது மார்பிலுள்ள நரம்புகள் மூளைக்குச் செய்தி அனுப்புகின்றன. மூளையின் அடியிலுள்ள பிட்யூட்டரி சுரப்பி புரோலாக்டின் என்னும் ஹார்மோனை வெளியிடுகிறது. அதுவே பாலை ஊறச் செய்கிறது. ஆக்சிடோசின் என்னும் மற்றொரு ஹார்மோன் ஊறிய பாலை வெளியே தள்ளுகிறது. எனவே குழந்தை குடிக்கக் குடிக்கத்தான் பால் சுரக்கும். குடிப்பது குறைந்தால் சுரப்பதும் குறையும். இறைத்த கிணறுதான் ஊறும் என்பது இங்கும் உண்மை.

இப்போது டப்பாவைப் பாருங்கள். சில நாட்களுக்குப் போதுமான மாவு அதில் இருக்கிறது. அந்த நாட்களில் குழந்தை புட்டிப்பாலுக்குப் பழகிவிடுகிறது. தாயின் மார்பில் சுரப்பு குறைந்துவிடுகிறது. டப்பா தீர்ந்ததும் என்ன செய்வது? அடுத்த டப்பாவை விலை கொடுத்து வாங்க வேண்டியதுதான். கூலி வேலை செய்யும் குடும்பத்தில் டப்பாவின் விலை வருமானத்தின் பெரும் பகுதியை விழுங்கிவிடும். ஆகவே ஒரு டப்பாவைப் பல நாள் வரும்படி, தண்ணீரைக் கூட்டி மாவைக் குறைத்துக் கரைப்பார்கள். குழந்தைக்கு ஊட்டம் குறையும். தூய குடிநீர் இல்லாத ஊர்களில் அந்தத் தண்ணீரும், சரியாகக் கொதிக்க வைக்காத புட்டியும் வயிற்றுப்போக்கைக் கொண்டுவரும். தாய்ப்பாலில் இயற்கையாக உள்ள நோய் எதிர்ப்புப் பொருள்களும் அக்குழந்தைக்குக் கிடைப்பதில்லை. ஏழை நாடுகளில் இவ்வாறு நோயுற்றும் மெலிந்தும் இறந்த குழந்தைகள் ஏராளம்.

இந்த ஆபத்தை முதலில் உரக்கக் கூறியவர்களுள் ஒருவர் சிசிலி வில்லியம்ஸ் என்ற பெண் மருத்துவர். 1939ஆம் ஆண்டு சிங்கப்பூரில் ரோட்டரி சங்கத்தில் பேசிய அவர், இனிப்பூட்டிய டப்பாப்பாலைக் குழந்தை உணவாக விற்பதைக் கடுமையாகச் சாடினார். அப்பேச்சுக்கு அவர் இட்ட தலைப்பு 'பாலும் கொலையும்'. பின்னாளில் டெரிக் ஜெல்லிஃப் என்னும் குழந்தை மருத்துவர், இது வணிகத்தால் விளையும் ஊட்டக்குறை நோய் என்று பெயரிட்டார். 1974இல் பிரிட்டனிலுள்ள 'வார் ஆன் வான்ட்' என்ற அமைப்பு ஒரு சிறு நூலை வெளியிட்டபோது இது உலகப் பிரச்சினையாயிற்று. பால்மாவு நிறுவனங்கள் செவிலியர் உடையில் விற்பனைப் பெண்களை மகப்பேறு மனைகளுக்கு அனுப்புவதும், மாதிரி டப்பாக்களை இலவசமாக வழங்குவதும் வெளிச்சத்துக்கு வந்தன. 1977இல் அமெரிக்காவில் நெஸ்லே நிறுவனத்தின் பொருள்களைப் புறக்கணிக்கும் இயக்கம் தொடங்கியது. 1978இல் அமெரிக்க செனட்டில் எட்வர்ட் கென்னடியின் தலைமையில் இது பற்றிய விசாரணையும் நடைபெற்றது.

இறுதியாக 1981 மே மாதம் உலக சுகாதாரப் பேரவை, தாய்ப்பாலுக்கு மாற்றாக விற்கப்படும் உணவுகளுக்கான பன்னாட்டு விற்பனை நெறிமுறையை ஏற்றுக்கொண்டது. 118 நாடுகள் ஆதரித்தன. 3 நாடுகள் நடுநிலை வகித்தன. அமெரிக்கா மட்டும் எதிர்த்து வாக்களித்தது. இந்தியாவில் இதற்கான சட்டம் 1992இல் வந்தது. 2003இல் திருத்தப்பட்டு மேலும் கடுமையாக்கப்பட்டது. டப்பாவின்மேல் குழந்தையின் படமோ தாயின் படமோ இருக்கக் கூடாது, தாய்மாருக்கு இலவச மாதிரி கொடுக்கக் கூடாது, விளம்பரம் செய்யக் கூடாது, தாய்ப்பாலே சிறந்தது என்று டப்பாவிலேயே அச்சிட வேண்டும் என்பன அச்சட்டத்தின் சில விதிகள்.

இதில் ஒன்றைக் கவனியுங்கள். பால்மாவை யாரும் தடை செய்யவில்லை. தாயை இழந்த குழந்தைக்கும், சில நோய்களின்போதும் அது உயிர் காக்கும் உணவு. எல்லாம் தெரிந்து ஒரு தாய் அதையே தேர்ந்தெடுத்தால் அது அவர் உரிமை. அதற்காக அவரைப் பழிக்க யாருக்கும் உரிமை இல்லை. விதிகள் தடுப்பது விற்கும் முறையை மட்டுமே.

கோடு எங்கே இருக்கிறது?

சீருடையில் வந்த விற்பனைப் பெண் ஒரு பொய்கூடச் சொல்லவில்லை என்றே வைத்துக்கொள்வோம். "கொழுகொழுவென்று வளரும்" என்பது சில குழந்தைகளுக்கு நடக்கக்கூடியதுதான். டப்பா இலவசம் என்பதும் உண்மைதான். அப்படியானால் தவறு எங்கே? நான்கு கேள்விகளைக் கேட்டால் அது புலப்படும்.

முதல் கேள்வி: செய்யும் முறையை வெளிப்படையாகச் சொல்லிவிட்டால் அது பலிக்குமா? "நான் செவிலி அல்ல, இந்த நிறுவனத்தின் விற்பனைப் பெண். இந்த டப்பா தீரும்போது உங்களுக்குப் பால் குறைந்திருக்கும், பிறகு நீங்கள் எங்களிடம் வாங்கியே தீர வேண்டும்" என்று அவர் சொல்லியிருந்தால் எந்தத் தாய் டப்பாவை வாங்குவாள்? மறைத்தால்தான் வேலை நடக்கும் என்றால் அது வளைத்துப் போடும் வேலை. சொட்டு மருந்துப் பெண்ணோ, "குழந்தைக்கு நோய் வரக் கூடாது என்பதற்காக உங்களைச் சம்மதிக்க வைக்க வந்திருக்கிறேன்" என்று வாசலிலேயே சொல்லலாம். அதனால் அவர் வாதம் சிறிதும் வலுவிழக்காது.

இரண்டாம் கேள்வி: முடிவு செய்யத் தேவையான செய்தி கேட்பவரிடம் கூடுகிறதா, குறைகிறதா? டப்பாவைப் பெற்ற தாய்க்குத் தெரிய வேண்டிய மிக முக்கியமான ஒரே செய்தி பால் வற்றும் என்பதுதான். அதுதான் சொல்லப்படவில்லை. பொய் சொல்வது மட்டும் ஏமாற்று அல்ல. சொல்ல வேண்டியதை விழுங்கிவிடுவதும் ஏமாற்றே.

மூன்றாம் கேள்வி: மறுக்கவும், மனம் மாறித் திரும்பி வரவும் இடம் உண்டா? புடவை பிடிக்காவிட்டால் அடுத்த முறை அந்தக் கடைக்குப் போகாமல் இருக்கலாம். வற்றிய பாலை மீட்பது எளிதன்று. திரும்பும் வழி எவ்வளவுக்கு அடைபடுகிறதோ அவ்வளவுக்கு இணங்க வைக்க வந்தவரின் பொறுப்பு கூடுகிறது.

நான்காம் கேள்வி: கேட்பவர் எந்த நிலையில் இருக்கிறார்? பிள்ளை பெற்று மூன்றாம் நாள் படுக்கையில் களைத்துக் கிடக்கும் பெண், துக்கத்தில் இருப்பவர், நோயாளி, சிறுவர் ஆகியோரிடம் மேலே சொன்ன குறுக்குப் பாதைகள் அகலத் திறந்திருக்கும். மற்றவர்களிடம் சாதாரணப் பேச்சாக இருப்பது அவர்களிடம் வலையாகிவிடும்.

"இந்தத் தெருவில எல்லாப் பிள்ளைக்கும் போட்டாச்சு" என்ற இரண்டாமவரின் சொல்லையும் இந்தக் கேள்விகளால் உரசிப் பார்க்க வேண்டும். அது உண்மையாக இருந்தால் பயனுள்ள செய்தி. பாதிப் பிள்ளைகளுக்குக்கூடப் போடாமல் அப்படிச் சொன்னால், அவர் கையில் இருப்பது உயிர் காக்கும் மருந்தே ஆனாலும், அவரும் கோட்டைத் தாண்டியவரே.

சொட்டு மருந்தின் கதை

நல்ல காரியம்தானே, கொஞ்சம் பொய் கலந்தால் என்ன என்று கேட்பவர் உண்டு. அதற்கு வரலாறு தரும் விடையைக் காண்போம்.

நெருக்கடி நிலைக் காலத்தில், 1976-77இல் மட்டும், இந்தியாவில் 80 இலட்சத்துக்கு மேற்பட்ட கருத்தடை அறுவைகள் நடந்தன. வட மாநிலங்களில் பல இடங்களில் இவை கட்டாயத்தின் பேரில் நடந்தன. கால் நூற்றாண்டு கழிந்து உத்தரப் பிரதேசத்தில் சொட்டு மருந்துக் குழுக்கள் வீடு வீடாகச் சென்றபோது, இம்மருந்து பிள்ளைப்பேற்றைத் தடுக்கும் என்ற வதந்தி பரவியது. சில இடங்களில் கதவுகள் திறக்கவேயில்லை. வதந்தி பொய், ஆனால் அரசு தந்த மருத்துவத்தை மக்கள் ஐயுறுவதற்குப் பழைய காரணம் இருந்தது. 2002இல் நாட்டில் ஏறத்தாழ 1,600 குழந்தைகளை இளம்பிள்ளை வாதம் தாக்கியது. அவர்களுள் பெரும்பாலோர் உத்தரப் பிரதேசத்தினர்.

அங்கே வேலை செய்தது பொறுமையான எடுத்துரைப்பு. அதே ஊர்களைச் சேர்ந்த பெண்கள் பயிற்சி பெற்று, அதே வீடுகளுக்குத் திரும்பத் திரும்பச் சென்றார்கள். ஐயங்களைக் கேட்டு விடை கூறினார்கள். பள்ளிவாசல்களிலிருந்து சமயத் தலைவர்கள் அறிவிப்புச் செய்தார்கள். "சாக்கடை வழிகிறது, நல்ல தண்ணீர் இல்லை, அதற்கெல்லாம் வராத நீங்கள் இந்தச் சொட்டுக்கு மட்டும் ஏன் மாதந்தோறும் வருகிறீர்கள்?" என்று மக்கள் கேட்டார்கள். அது நியாயமான கேள்வி என்று ஒப்புக்கொள்ளப்பட்டது. 2009இல் உத்தரப் பிரதேசத்திலும் பீகாரிலும் ஆபத்து மிகுந்த 107 வட்டாரங்களில் தூய்மை, குடிநீர், வயிற்றுப்போக்குச் சிகிச்சை ஆகியவற்றோடு தாய்ப்பால் ஊட்டுவதையும் சேர்த்துத் திட்டம் வகுத்தார்கள். அந்த ஆண்டில் 741 குழந்தைகள் நோயுற்றனர். உலகிலேயே அதிகம் அதுதான். 2011 சனவரியில் மேற்கு வங்கத்தின் ஹௌராவில் கண்ட ஒரு குழந்தையோடு இயற்கைக் கிருமியால் வரும் நோய் நின்றது. 2014 மார்ச்சில் இந்தியா அந்நோய் நீங்கிய நாடு என்று அறிவிக்கப்பட்டது. இணங்க வைப்பதென்பது ஒருவழிப் பேச்சன்று. கேட்பவர் திருப்பிக் கேட்கும்போது பேசுபவரும் மாற வேண்டும் என்பதை இது காட்டுகிறது.

இதற்கு எதிர்மாறான நிகழ்ச்சி பாகிஸ்தானில் நடந்தது. 2011இல் ஒசாமா பின் லேடன் மறைந்திருந்த அபோட்டாபாத் வீட்டினரின் உயிரணுச் சான்றைப் பெறுவதற்காக, அமெரிக்க உளவு நிறுவனம் ஹெப்படைட்டிஸ்-பி தடுப்பூசி இயக்கம் ஒன்றைப் போர்வையாகப் பயன்படுத்தியது. செய்தி வெளியானதும், தடுப்பூசி போட வருபவர் உளவாளியாக இருக்கலாம் என்ற ஐயத்துக்குச் சான்று கிடைத்தாற்போல் ஆயிற்று. 2012 முதல் சொட்டு மருந்துப் பணியாளர்கள் பலர் அங்கே சுட்டுக் கொல்லப்பட்டனர். அவர்களில் பெண்களும் உண்டு. கொலைகளுக்கு வேறு காரணங்களும் இருந்தன. எனினும் இந்தச் சூழ்ச்சி அவர்களுடைய எதிரிகளுக்கு நல்ல சாக்காயிற்று. இனி எந்தத் தடுப்பூசித் திட்டத்தையும் உளவுக்குப் பயன்படுத்துவதில்லை என்று 2014இல் அமெரிக்க அரசு உறுதி கூற வேண்டி வந்தது. ஒருவர் செய்த சூழ்ச்சியின் விலையை, அதில் சிறிதும் தொடர்பில்லாமல் உண்மையாகவே மருந்து கொண்டு சென்றவர்கள் கொடுத்தார்கள்.

சில சிக்கல்கள்

உணர்ச்சியைத் தூண்டுவதே தவறு என்று எண்ணிவிடக் கூடாது. 2016 ஏப்ரல் முதல் இந்தியாவில் சிகரெட்டுப் பெட்டியின் இரு பக்கங்களிலும் 85 விழுக்காடு இடத்தை எச்சரிக்கைப் படமும் வாசகமும் பிடித்துக்கொண்டிருக்கின்றன. புற்றுநோய் அரித்த வாயைப் பார்த்தால் வயிற்றைக் கலக்கத்தான் செய்யும். ஆனால் அந்த அச்சம் உண்மையான ஆபத்தின் அளவுக்கு ஏற்றது. பாம்பைக் கண்டு அஞ்சச் செய்வது நட்பு. கயிற்றைப் பாம்பென்று காட்டி அஞ்சச் செய்வதுதான் சூழ்ச்சி.

மருத்துவரின் நிலை இன்னும் கடினமானது. "இந்த அறுவை செய்துகொண்ட 100 பேரில் 90 பேர் பிழைப்பார்கள்" என்று சொன்னால் நோயாளி இணங்குகிறார். "10 பேர் இறப்பார்கள்" என்று சொன்னால் பின்வாங்குகிறார். மருத்துவர்களே இவ்வாறு தடுமாறுவதை 1982இல் அமெரிக்காவில் நடந்த ஓர் ஆய்வு காட்டியது. ஏதேனும் ஒரு விதமாகத்தானே சொல்லியாக வேண்டும்? ஒரு வழி இருக்கிறது: இரண்டையும் சொல்வது. "90 பேர் பிழைக்கிறார்கள், 10 பேர் பிழைப்பதில்லை. என் கருத்தில் நீங்கள் செய்துகொள்வது நல்லது" என்று மருத்துவர் தம் கருத்தையும் கருத்தென்றே கூறலாம். இணங்க வைப்பவர் நடுநிலையில் இருக்க வேண்டியதில்லை. தாம் எந்தப் பக்கம் என்பதை மறைக்காமல் இருந்தால் போதும்.

நல்லவர் பக்கமும் வழுக்குவதுண்டு. 1974இல் வெளியான நூலை சுவிட்சர்லாந்தில் ஒரு குழுவினர் ஜெர்மன் மொழியில் பெயர்த்தபோது 'நெஸ்லே குழந்தைகளைக் கொல்கிறது' என்று தலைப்பிட்டனர். நிறுவனம் வழக்குத் தொடுத்தது. 1976இல் அத்தலைப்பு அவதூறே என்று தீர்ப்பாயிற்று. குழுவினருக்குச் சிறு அபராதம் விதிக்கப்பட்டது. அதே சமயத்தில் நிறுவனம் தன் விளம்பர முறைகளை அடிப்படையிலேயே மாற்றிக்கொள்ள வேண்டும் என்றும் நீதிபதி கூறினார். குழுவினரின் நோக்கம் நேர்மையானது. அவர்கள் திரட்டிய செய்திகளும் கனமானவை. ஆனால் தலைப்பு, நிறுவனம் வேண்டுமென்றே கொலை செய்வதாகப் பொருள்பட்டது. வாசகரைச் சினமூட்ட உண்மையைச் சற்றே இழுத்து நீட்டியதும் வளைத்துப் போடும் முறையில் சேர்ந்ததுதான்.

புதிய வாசற்கதவு

இன்று நம் வீட்டுக் கதவைத் தட்டாமலே ஆயிரம் பேர் உள்ளே வருகிறார்கள். கைப்பேசித் திரையே இப்போது வாசற்கதவு. "இந்த விலைக்கு இன்னும் இரண்டே அறைகள்" என்று ஒரு பயணத் தளம் அவசரப்படுத்துகிறது. நாம் கேட்காத காப்பீடு ஒன்று கூடையில் தானே வந்து விழுகிறது. சந்தாவில் சேர ஒரு தொடுகை போதும். விலக வேண்டுமென்றால் ஏழு கதவுகளைத் திறக்க வேண்டியிருக்கிறது. மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2023 நவம்பர் 30ஆம் நாள் வெளியிட்ட வழிகாட்டு நெறிகளில் இத்தகைய 13 வகை ஏமாற்று அமைப்புகளை அடையாளங்காட்டித் தடை செய்திருக்கிறது. பொய் அவசரம், கூடைக்குள் நுழைத்தல், 'வேண்டாம்' என்பவரை வெட்கப்படச் செய்தல், விளம்பரத்தைச் செய்திபோல் வேடமிட்டுக் காட்டுதல் ஆகியவை அவற்றுள் சில. வேடமிட்ட விளம்பரத்துக்கும் செவிலி உடையில் வந்த விற்பனைப் பெண்ணுக்கும் என்ன வேற்றுமை? உடைதான் மாறியிருக்கிறது, மறைப்பு மாறவில்லை. ஆகவே நான்கு கேள்விகளும் இங்கும் செல்லுபடியாகும்.

நாம் செய்யக்கூடியது

யாரேனும் நம்மை ஒன்றுக்கு இணங்கச் சொல்லும்போது மூன்று சிறு வழக்கங்கள் உதவும். "இப்போதே" என்று அவசரப்படுத்தினால் ஓர் இரவு தள்ளிப் போடுங்கள். உண்மையான காரணம் காலைவரை கெடாது. மருத்துவ அவசரம் போன்ற சில மட்டுமே இதற்கு விலக்கு. இலவசமாக ஒன்று கைக்கு வந்தால், இதைக் கொடுப்பவருக்கு என்ன கிடைக்கிறது என்று அவரிடமே கேளுங்கள். "எல்லாரும் செய்கிறார்கள்" என்றால் யார் யார் என்று கேளுங்கள். நேர்மையானவர் இக்கேள்விகளால் மனம் நோகமாட்டார்.

இதைவிடக் கடினமானது, நாம் பிறரை இணங்க வைக்க முயலும்போது நம்மையே கேட்டுக்கொள்வது. பிள்ளையை இந்தப் படிப்பில்தான் சேர வேண்டும் என்று சொல்லும் தந்தை, மருந்துண்ண மறுக்கும் முதியவரைப் பார்த்துக்கொள்ளும் மகள், வாக்குக் கேட்கும் தொண்டர், பாடம் நடத்தும் ஆசிரியர் ஆகிய எல்லாரும் அன்றாடம் இந்தக் கோட்டின் அருகில்தான் நிற்கிறார்கள். நாம் எப்படிப் பேசினோம் என்பதை அவர் பின்னால் முழுவதும் தெரிந்துகொண்டால் நமக்கு நன்றி சொல்வாரா, அல்லது ஏமாந்தோமே என்று வருந்துவாரா? இந்தக் கேள்விக்குக் கூசாமல் விடை சொல்ல முடிந்தால் கோட்டுக்கு இந்தப் பக்கம் இருக்கிறோம் என்று கொள்ளலாம்.

திருக்குறளில் சொல்வன்மை என்னும் அதிகாரத்தை அடுத்து வருவது வினைத்தூய்மை என்னும் அதிகாரம். பேச்சின் திறத்தைப் பேசிய கையோடு செயலின் தூய்மையைப் பேசியிருக்கிறார்கள். வாசலில் வந்து நிற்பவர் எவரானாலும், அவரிடம் முதலாவது இருக்கிறது என்று கண்டவுடன் இரண்டாவதும் இருக்கிறதா என்று பார்த்துக்கொள்வது நல்லது.